குழியானையின் குலப்பெயர்

கடற்கரை நிலையத்திலிருந்து புறப்படும் மின்சார ரயில் பல்லாவரத்தையும் குரோம்பேட்டையையும் தாண்டித் தாம்பரத்தை நெருங்கும்போது இருமருங்கும் அடுக்குமாடிக் கட்டிடங்களே இன்று கண்ணில் படுகின்றன என்றாலும், அவற்றுக்கு அடியில் கிடப்பது சுற்றியுள்ள குன்றுகள் யுகயுகமாக உதிர்த்த சரளையும் செம்மண்ணும் மணலுமே என்பதைக் கட்டிடம் எழும்பாத இடங்களில் இப்போதும் பார்க்கலாம். 1937-ஆம் ஆண்டில் சென்னைக் கிறிஸ்தவக் கல்லூரி ஜார்ஜ் டவுனின் நெரிசலை விட்டுத் தாம்பரத்துக்குக் குடிபெயர்ந்தபோது அதற்குக் கிடைத்த நிலம் சேலையூர்க் காட்டைச் சேர்ந்தது; அந்தப் புதர்க்காட்டில் கணிசமான பகுதி இன்றும் அழியாமல் நிற்கிறது. வண்டலூரிலும் நன்மங்கலத்திலும் இதே இனத்துக் காடுகள் காப்புக்காடுகளாக எஞ்சியுள்ளன. இவ்வாறான நிலத்தில், மழைத்துளி நேராக விழாத மறைவிடங்களில், அதாவது பழைய வீட்டுத் தாழ்வாரத்தின் ஓரத்திலோ, சாய்ந்த பாறையின் அடியிலோ, ஆலமரத்து வேர்களின் இடுக்கிலோ, புழுதியில் யாரோ புனலை வைத்து அழுத்தி எடுத்தாற்போன்ற சிறு குழிகள் வரிசையாக இருப்பதைக் கண்டவர்கள் நம்மில் பலர். அந்தக் குழியின் அடியில் வாழும் ஜந்துவுக்குத் தமிழர் வைத்த பெயர் குழியானை. சாஸ்திரம் அதன் குடும்பத்துக்கு வைத்த பெயர் மிர்மிலியோன்டிடே. கேட்டவுடன் நாக்கு தடுக்கும் இப்பெயரின் பொருளையும் பிரயோகத்தையும் கூறுவதே இக்கட்டுரையின் நோக்கம்.

பெயருக்குரிய பிராணியை முதலில் சற்று நெருங்கிப் பார்ப்போம். குழியின் நடுவிலிருந்து ஒரு பிடி மண்ணை அப்படியே அள்ளி உள்ளங்கையில் பரப்பினால், முதலில் மண்ணைத் தவிர எதுவும் தெரியாது. சற்றுப் பொறுத்தால் மண்ணின் ஒரு துணுக்கு பின்னோக்கி நகரத் தொடங்கும். அதுதான் குழியானை. உருண்டு திரண்ட சாம்பல் நிற வயிறு, அதன் மேல் முன்னோக்கிச் சாய்ந்த மயிர்கள், தட்டையான சிறு தலை, தலையிலிருந்து அரிவாள்போல் வளைந்து நீண்ட இரண்டு தாடைகள்: இவ்வளவே அதன் உருவம். அது முன்னோக்கி நடப்பதில்லை. குழி தோண்ட வேண்டுமானால் பின்பக்கமாகவே மண்ணில் புதைந்து வட்டமிட்டுச் சுற்றி வந்து, ஒவ்வோர் அடிக்கும் தலையால் மண்ணை வெளியே எறிந்து, வட்டத்தைச் சிறுகச் சிறுகக் குறுக்கிக்கொண்டே மையத்தை அடைகிறது. பருமனான மணிகள் தூரமாகப் போய் விழ, மெல்லிய பொடியே சுவரில் தங்குகிறது. உலர்ந்த மணலை எவ்வளவு சரிவாகக் குவித்தால் இன்னும் ஒரு மணியைக்கூடத் தாங்காதோ, ஏறக்குறைய அந்த எல்லையில் குழியின் சுவர் நிற்பதால், அதில் கால் வைத்த எறும்பு ஏற முயலும்தோறும் காலடி மண் சரிந்து கீழே இறங்குகிறது. அடியில் இருப்பவரோ தலையைச் சொடுக்கி மேலும் மண்ணை வாரி இறைத்து அச்சரிவை விரைவுபடுத்துகிறார்.

தாடையின் அமைப்பு இன்னும் விசேஷமானது. மேல்தாடையின் அடிப்புறத்தில் ஒரு பள்ளம் ஓடுகிறது. கீழ்த்தாடை அதன்மேல் மூடிபோல் படிந்து, இரண்டும் சேர்ந்து ஒரு குழாயாகின்றன. இரையைக் கவ்வியதும் அக்குழாய் வழியே விஷமும் ஜீரண ரசமும் உள்ளே செல்கின்றன. கரைந்த சாரம் அதே வழியே திரும்பி வருகிறது. சக்கையைக் குழிக்கு வெளியே எறிந்துவிட்டுக் குழியைச் செப்பனிட்டுக்கொண்டு மறுபடியும் காத்திருக்கும். இதன் இரைப்பைக்கும் மலவாயிலுக்கும் தொடர்பு இல்லை. புழுப்பருவம் முழுவதும் சேர்ந்த கழிவு உடம்பிலேயே தங்கி, சிறகு முளைத்து வெளிவரும் நாளில்தான் கழிகிறது. இரை கிடைப்பதைப் பொறுத்து இப்பருவம் ஒரு வருஷத்துக்கு மேலும் நீளலாம் என்பதை நினைத்தால், இயற்கையின் சிக்கனம் சில சமயங்களில் நம் கற்பனைக்கும் எட்டாதது என்றே சொல்லத் தோன்றுகிறது.

இனிப் பெயருக்கு வருவோம். கிரேக்க மொழியில் மிர்மெக்ஸ் என்றால் எறும்பு. லியோன் என்றால் சிங்கம். இரண்டும் சேர்ந்தால் எறும்புச்சிங்கம். இத்தொடரை எந்தத் தொகையாக விரிப்பது என்பதில்தான் இரண்டாயிரம் ஆண்டுச் சரித்திரம் அடங்கியிருக்கிறது. எறும்புக்குச் சிங்கம் என்று நான்காம் வேற்றுமைத் தொகையாக விரித்தால் நம் குழியில் இருப்பவருக்கு அது பொருந்தும். எறும்பும் சிங்கமும் என்று உம்மைத் தொகையாக விரித்தாலோ, எங்கும் இல்லாத ஒரு விபரீத மிருகம் பிறந்துவிடுகிறது. ஐரோப்பா முதலில் விரித்தது இந்த இரண்டாவது வகையில்தான்.

விவிலியத்தின் பழைய ஏற்பாட்டில், யோபின் சரித்திரத்தைக் கூறும் நூலின் நான்காம் அதிகாரத்தில், இரையின்றி மாளும் சிங்கத்தைப் பற்றி ஒரு வசனம் வருகிறது. எபிரேய மூலத்தில் உள்ள சொல் சிங்கத்தைக் குறிப்பது. தமிழ் விவிலியத்திலும் அவ்விடத்தில் சிங்கம்தான் உண்டு. ஆனால் எபிரேய வேதத்தை அலெக்சாந்திரியாவில் கிரேக்கத்தில் பெயர்த்த எழுபதின்மர் மொழிபெயர்ப்போ, அந்த இடத்தில் மிர்மெகோலியோன் என்ற சொல்லைப் பெய்து வைத்தது. அரேபியாவின் பக்கத்தில் எறும்பு என்ற பெயர் கொண்ட ஒரு வகைச் சிங்கம் உண்டென்று கிரேக்கப் புவியியலாளர் ஸ்திராபோ எழுதியிருப்பதை நோக்கினால், அச்சொல் அக்காலத்தவர்க்கு இன்றுபோல் விசித்திரமாக ஒலித்திராது என்று கருதலாம். பின்வந்தோர்க்கு அந்தப் பழக்கம் மறந்துபோயிற்று. வேதத்தில் வந்த சொல் வீண்போகலாகாது என்ற பக்தி மட்டும் எஞ்சியது. ஆகவே பிசியோலோகஸ் என்ற கிரேக்க விலங்கு நூல், தந்தை சிங்கமும் தாய் எறும்புமாகப் பிறந்த ஒரு பிராணியைச் சிருஷ்டித்து, தந்தைவழி இயல்பால் தானியத்தை உண்ண மாட்டாமலும் தாய்வழி இயல்பால் மாமிசத்தை உண்ண மாட்டாமலும் அது பட்டினியால் மடிகிறது என்று வியாக்கியானம் செய்தது. வியாக்கியான சாமர்த்தியத்தில் நம் உரையாசிரியர்களுக்கு எவரும் நிகரில்லை என்று எண்ணியிருப்போர் இதைச் சற்றுச் சிந்திக்க வேண்டும்.

எறும்பைப் பெரிய மிருகமாக்கிய இக்கதைகளில் பாரதத்துக்கும் ஒரு பங்கு உண்டு. இந்தியாவின் மணல்வெளியில் நரியினும் பெரிய எறும்புகள் பொன்மண்ணைத் தோண்டி எடுக்கின்றன என்று ஹெரோடோட்டஸ் எழுதினார். மகாபாரதத்தின் சபா பர்வத்திலும், யுதிஷ்டிரருக்கு அரசர்கள் கொணர்ந்த காணிக்கைகளுள் எறும்புகள் தோண்டியெடுத்த பொன் பிபீலிகம் என்ற பெயரோடு இடம்பெறுகிறது. பிபீலிகம் என்பது எறும்பைக் குறிக்கும் வடசொல்லிலிருந்து பிறந்த பெயர்.

கதை கழிந்து பிராணி மட்டும் எஞ்சியது பதினெட்டாம் நூற்றாண்டில்தான். பிரெஞ்சு அறிஞர் ரெயோமூர், பூச்சிகளைப் பற்றிய தம் பெருநூலின் 1742-இல் வெளிவந்த ஆறாம் தொகுதியில் குழி தோண்டும் இப்புழுவைப் பொறுமையாக அவதானித்து எழுதினார். 1767-இல் லின்னேயஸ் இதற்கு மிர்மிலியோன் என்று பேரினப் பெயர் சூட்டினார். மிர்மெகோலியோன் என்ற பழஞ்சொல்லின் நடுவிலிருந்த அசை இதில் தேய்ந்துவிட்டது. ஐரோப்பாவில் காணும் ஓர் இனத்துக்கு அவர் இட்ட முழுப்பெயர் மிர்மிலியோன் பார்மிகேரியஸ். பார்மிகா என்பது எறும்புக்கு லத்தீன் சொல்லாகையால், எறும்பு ஒரே பெயரில் கிரேக்கத்திலும் லத்தீனிலும் இருமுறை வருகிறது.

பேரினப் பெயர் குடும்பப் பெயராவது எப்படி? இலக்கணம் அறிந்தவர்க்கு இதில் ரசிக்க நிறைய உண்டு. மரம் என்ற சொல் வேற்றுமை ஏற்கும்போது மரத்தை, மரத்தால் என்று அத்துச் சாரியை பெறுகிறதல்லவா? லியோன் என்ற கிரேக்கச் சொல்லும் அவ்வாறே வேற்றுமையில் லியோன்டோஸ் என்றாகிறது. அந்த வேற்றுமை உருவிலிருந்து கிடைக்கும் லியோன்ட் என்ற அடியோடுதான் குடும்ப விகுதியைச் சேர்க்க வேண்டும் என்பது விலங்கியல் பெயரிடலின் விதி. பெயரின் நடுவே காரணமின்றி முளைத்ததுபோல் தோன்றும் டகரம் இவ்வாறு வந்தது. சில பழைய நூல்களில் டகரம் இல்லாமலும் இப்பெயர் காணப்படும், அது வழு.

விகுதியான இடே என்பதும் கிரேக்க மரபில் வந்ததே. ஆத்ரேயுஸின் புதல்வரை ஆத்ரெயிடே என்று வழங்கியதுபோல, இன்னாருடைய வழித்தோன்றல்கள் என்று குறிக்கும் விகுதி அது. பாண்டுவின் மக்கள் பாண்டவர், ரகுவின் குலத்தில் வந்தவன் ராகவன் என்று வழங்கும் வடமொழி மரபை அறிந்த நமக்கு இது அந்நியமாகத் தோன்றாது. பூச்சிக் குடும்பங்களுக்கெல்லாம் ஒரே சீராக இவ்விகுதியை அமைக்கலாம் என்ற யோசனையை 19-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் முன்வைத்தவர் வில்லியம் கெர்பி என்ற ஆங்கிலப் பாதிரியார். ஆக, மிர்மிலியோன்டிடே என்றால் எறும்புச்சிங்கத்தின் வம்சத்தார். அது பன்மைப் பெயர்.

பிரயோகத்தில் கவனிக்க வேண்டியவை சில உண்டு. ரோமன் எழுத்தில் பேரினப் பெயரையும் சிற்றினப் பெயரையும் சாய்வெழுத்தில் அச்சிடுவார்கள். குடும்பப் பெயரை நேரெழுத்தில், முதலெழுத்தைப் பெரிதாக்கி அச்சிடுவார்கள். தமிழில் பெரிய எழுத்தும் சிறிய எழுத்தும் இல்லையாகையால், மிர்மிலியோன்டிடே குடும்பம் என்று குடும்பம் என்னும் சொல்லையும் சேர்த்தெழுதுவதே தெளிவுக்கு உகந்தது. ஈற்றில் இடே வந்தால் குடும்பம், இனே வந்தால் துணைக்குடும்பம். இதைவிட அபாயமான மயக்கம் சொல்லின் தொடக்கத்தில் இருக்கிறது. மிர்ம் என்று தொடங்கும் பெயரைக் கண்டவுடன் எறும்பு என்று தீர்மானித்துவிடுகிறவர்கள் உண்டு. மிர்மிசினே என்ற துணைக்குடும்பம் மெய்யாகவே எறும்புகளுடையது. மிர்மிலியோன்டிடேயோ எறும்பைத் தின்பவர்களுடையது. எறும்புகளின் குடும்பப் பெயரோ பார்மிசிடே. எறும்புக்கும் குழியானைக்கும் உறவு, உணவாக ஆவதைத் தவிர வேறில்லை. குழியானை நரம்புச் சிறகிகள் என்ற வரிசையைச் சேர்ந்தது.

நரம்புச் சிறகி என்ற பெயரின் நியாயம் புழுவைப் பார்த்தால் விளங்காது. நன்றாக வளர்ந்த குழியானை, தன் உடலின் பின்முனையிலிருந்து சுரக்கும் பட்டிழையால் மணலைக் கோத்து உருண்டையாகக் கூடு கட்டி அதற்குள் ஒடுங்குகிறது. சில வாரங்கள் கழித்து வெளிவருவது, வலைபோல் நரம்பு பின்னிய நான்கு நீண்ட சிறகுகளும் மெலிந்த வயிறும் கொண்ட ஒரு பூச்சி. இரவில் தாம்பரத்து வீடுகளின் வெளிவாசலில் எரியும் குழல் விளக்கைத் தேடி வந்து சுவரில் ஒட்டிக்கொள்ளும் இதை ஊசித்தட்டான் என்றே பெரும்பாலோர் நினைக்கின்றனர். ஊசித்தட்டானுக்கு உணர்கொம்பு இருப்பதே தெரியாத அளவுக்குச் சிறியது. இதற்கோ முனை தடித்து வளைந்த இரண்டு கொம்புகள் தெளிவாகத் தெரியும். தட்டான் பகலில் பறக்கும். இது இரவில், அதுவும் தள்ளாடியே பறக்கும். புழுவுக்கு இவ்வளவு அழகான பெயரை வைத்த நம் மக்கள், சிறகு முளைத்த அதே பிராணிக்குத் தனிப்பெயர் ஒன்றும் வழங்கவில்லை. இரண்டும் ஒன்றே என்பதைக் கண்ணால் காணும் வாய்ப்பு எளிதில் கிட்டாததே அதற்குக் காரணமாக இருக்கக் கூடும்.

இந்தக் குறையைக் கருதி, குடும்பத்தின் பெயராகக் குழியானை என்பதை ஏற்கலாகாது என்று ஒருவர் வாதிடலாம். அவர் பக்கத்துக்கு இன்னுமொரு நியாயமும் உண்டு: இக்குடும்பத்தின் ஆயிரத்துக்கு மேற்பட்ட இனங்களுள் குழி தோண்டுபவை ஒரு பகுதியே. ஆப்பிரிக்காவிலும் இந்தியாவிலும் வாழும், புள்ளியிட்ட பெருஞ்சிறகுகளை உடைய பல்பாரெஸ் போன்றவற்றின் புழுக்கள் குழியின்றியே மணலில் புதைந்து இரைக்குக் காத்திருக்கும். இருந்தாலும் என் அபிப்பிராயம் வேறு. எறும்பைத் தவிர மற்றப் பூச்சிகளையும் தின்னும் பிராணிகளுக்கு எறும்புச்சிங்கம் என்பது எவ்வளவு பொருந்துமோ, அவ்வளவு குழியானை என்பதும் பொருந்தும். போதாததற்கு, நம் பெயரில் ஒரு நயம் இருக்கிறது. பழந்தமிழர் குழி வெட்டி அதில் யானையை வீழ்த்திப் பிடித்தனர். இங்கே யானையே குழி வெட்டிப் பிறரை வீழ்த்துகிறது. வழக்கில் உள்ள இப்பெயரை விட்டு எறும்புச்சிங்கம் என்று புதிதாகப் பெயர்த்துப் பாடநூலில் அச்சிடுவது, கையில் இருப்பதை எறிந்துவிட்டுக் கடன் வாங்குவதே ஆகும். சாஸ்திரப் பெயர் வேண்டிய இடத்தில் மிர்மிலியோன்டிடே, பேச்சுக்குக் குழியானைக் குடும்பம் என்று இரண்டையும் வைத்துக்கொள்வதில் முரண்பாடு ஏதுமில்லை.

கடைசியாக, இப்பெயரின் எல்லை அண்மையில் தகராறுக்கு உள்ளாகியிருப்பதையும் சொல்லியாக வேண்டும். குழியானைக்கு நெருங்கிய உறவுடையவை ஆந்தை ஈக்கள் என்ற பூச்சிகள், தமிழ்நாட்டிலும் உண்டு, பட்டாம்பூச்சிக்கு இருப்பதுபோல் நுனியில் குமிழ் கொண்ட நீண்ட உணர்கொம்புகளால் அடையாளம் காணலாம். கிரேக்கப் புராணத்தில், பாதாளத்தில் பெர்செபொனி என்ற தேவி மாதுளை உண்டதைக் காட்டிக்கொடுத்ததற்காக ஆந்தையாக மாற்றப்பட்ட அஸ்கலாபஸின் பெயரால் இவற்றை அஸ்கலாபிடே என்று தனிக் குடும்பமாக வைத்திருந்தனர். 2019-இல் மரபணு வரிசைகளை ஒப்பிட்ட ஆய்வாளர் சிலர், ஆந்தை ஈக்கள் குழியானைகளின் கிளைக்குள்ளேயே தோன்றியவை என்று கண்டு, அவற்றை மிர்மிலியோன்டிடேயின் உட்பிரிவாக்கி, அஸ்கலாபினே என்று விகுதியை மாற்றினர். இரண்டு குடும்பங்கள் ஒன்றானால் முந்திப் பிறந்த பெயரே நிற்கும் என்பது விதி. மிர்மிலியோன்டிடே 1802-இல் லத்ரேய் என்பவர் அமைத்தது, மற்றது பிந்தியது. எல்லோரும் இம்மாற்றத்தை ஏற்கவில்லை. பழைய பிரிவையே கையாள்வோர் இன்னும் இருக்கின்றனர். ஆகவே 2019-க்கு முந்திய நூலில் இக்குடும்பப் பெயரைக் காண்பவர் ஆந்தை ஈக்களை நீக்கிப் பொருள் கொள்ள வேண்டும். பிந்திய நூலில் காண்பவர், ஆசிரியர் எந்தக் கட்சியைச் சேர்ந்தவர் என்று முன்னுரையில் பார்த்துக்கொண்டு மேலே படிக்க வேண்டும்.