வேடம் கட்டும் ஊர்

மே மாதம் சேர்வராயன் கோயில் திருவிழா வந்துவிட்டால், ஏற்காட்டின் இந்த ஒண்டிக்கடை ரவுண்டானாவில் கால் வைக்க இடமிருக்காது. 1,623 மீட்டர் உயரத்திலுள்ள அந்தக் குகைக்கோயிலுக்கு மலைக் கிராமங்களின் மலையாளிப் பழங்குடி மக்கள் சொந்தபந்தங்களோடு திரளுவார்கள். கேரளத்து மலையாளிகள் அல்லர் இவர்கள்; தமிழ் பேசும் மலைவாசிகள். காஞ்சிபுரத்திலிருந்து முன்னோர் மலையேறி வந்ததாக இவர்களிடம் ஒரு கதை வழங்குகிறது.

கூட்டம் கூடினால் ஆட்டமும் கூடும். கைதட்டி வட்டமாகச் சுற்றினால் கும்மி. கோல் தட்டினால் கோலாட்டம். ‘ஆட்டம்’ அகலமான சொல். சேலம் பக்கம் பொங்கலுக்குக் காளையை வடக்கயிற்றில் பிடித்து விடும் எருதாட்டத்துக்கும் அதில் இடமுண்டு.

மலையடிவாரத்துச் சேலம் சீமை தெருக்கூத்துக்குப் பேர்போனது. அங்கே வேடத்தைக் ‘கட்டுவார்கள்’. எவ்வளவு சரியான சொல்! கிரீடம், புஜக்கட்டை, மார்புப் பதக்கம் எல்லாம் மரத்தில் செதுக்கியவை. கயிற்றால் உடம்போடு இறுக்கிக் கட்டியாக வேண்டும். அர்ச்சுனன், துரியோதனன் போன்ற பெரிய வேடங்களுக்குக் ‘கட்டை வேடம்’ என்று பெயர் வந்தது இதனால்தான். கல்யாணமுருங்கை லேசான மரம் என்பதால் விடிய விடிய ஆடமுடிகிறது. மேலே ஒட்டிய கண்ணாடிச் சில்லுகள் ஒவ்வொரு சுழற்சியிலும் வெளிச்சத்தை வாங்கி வீசும். முகத்தில் அரிதாரம்: முதலில் ஒரு மஞ்சள் கனிமத்தின் பெயர், பிறகு ஒப்பனை முழுவதற்கும் அதுவே பெயரானது.

இருவர் திரை பிடித்து நிற்பார்கள். பின்னாலிருந்து முதலில் சலங்கைச் சத்தம், பிறகு கிரீடத்தின் நுனி.