எயாரெண்டில்: கதையுலகின் விடிவெள்ளி

விடிவெள்ளியும் அந்திவெள்ளியும் இரண்டல்ல, ஒன்றே என்பது பள்ளிச் சிறுவரும் அறிந்த செய்தி. சுக்கிரன் என்னும் கோளே சில மாதங்கள் வைகறையிற் கீழ்வானிலும், சில மாதங்கள் அந்தியில் மேல்வானிலும் தோன்றுகின்றது. கதிரவனை விட்டு அது வெகுதூரம் விலகித் தோன்றுவதில்லை. ஆதலால் நள்ளிரவில் உச்சிவானில் அதனைக் காண இயலாது. இடையிடையே பல நாட்கள் முற்றாக மறைந்தும் போகின்றது. கடற்கரையில் நின்று இதனை நோக்குபவனுக்கு, விளக்கேற்றிய மரக்கலம் ஒன்று வருவதும் போவதுமாய்த் தோன்றினால் அதில் வியப்பில்லை. இத்தோற்றத்தையும் பழஞ்சொல் ஒன்றையும் இணைத்து ஒரு பெருங்கதைக்கு வித்திட்டவர் ஜே. ஆர். ஆர். டொல்கீன் என்னும் ஆங்கில எழுத்தாளர் (1892 - 1973).

டொல்கீன் ஒக்ஸ்போட் பல்கலைக்கழகத்தில் மாணவராயிருந்த காலத்தில், பண்டை ஆங்கிலப் பாடல் ஒன்றைக் கற்றார். எக்செற்றர் தேவாலயத்தில் பேணப்படும், பத்தாம் நூற்றாண்டு ஏட்டில் அமைந்த கிறிஸ்தவப் பாடல் அது. அதில் 'எயாரெண்டெல்' என்ற சொல் ஒளிமிக்க ஒருவரை விளிக்கும் பெயராக வருகின்றது. ஞாயிற்றின் கதிர் என்று சிலரும், விடிவெள்ளி என்று சிலரும் அதற்குப் பொருள் கூறினர். வடநாட்டுப் பழங்கதையில் இதற்கு இனமான பெயருடைய ஒருவன் உளன். இடிக்கடவுளாகிய தோர் அவனைக் கூடையில் வைத்துச் சுமந்து வருகையில், வெளியே நீண்டிருந்த அவன் கால்விரல் குளிரில் உறைந்துபோக, தோர் அதனை ஒடித்து வானில் எறிந்து விண்மீனாக்கினான் என்பது கதை. சொல்லின் இனிமையே டொல்கீனின் உள்ளத்தைப் பிணித்தது. அதே இடத்தில் மக்கள் வாழும் உலகைக் குறிக்கும் 'நடுவுலகு' என்ற பொருளுடைய சொல்லும் வருகின்றது. பின்னாளில் அவருடைய கதைகளின் களத்துக்கு அதுவே பெயராயிற்று.

1914ஆம் ஆண்டு ஆகஸ்டில் பிரித்தானியா முதலாம் உலகப் போரில் இறங்கியது. அடுத்த மாதம், நொட்டிங்கம் பகுதியில் உறவினர் பண்ணை ஒன்றில் தங்கியிருந்தபோது, அந்திவெள்ளியாய் வானில் கலஞ்செலுத்தும் மாலுமியைப் பற்றி டொல்கீன் ஒரு பாடல் எழுதினார். அதன் பொருள் யாதென நண்பர் ஜி. பி. சிமித் வினவ, தமக்கே தெரியாது என்றும், இனித்தான் கண்டறிய வேண்டும் என்றும் அவர் விடை கூறியதாகச் சொல்வர். வினவிய நண்பர் 1916 டிசம்பரில் போர்க்களத்தில் பட்ட காயத்தால் மாண்டார். விடையோ பல்லாண்டுகளாக வளர்ந்து, ஆசிரியர் மறைந்த பின் 1977இல் 'சில்மரிலியன்' என்னும் நூலாக வெளிவந்தது.

அந்நூலின்படி, ஞாயிறும் திங்களும் தோன்றுமுன் உலகுக்கு ஒளி தந்தவை இரு மரங்கள். ஒன்று வெள்ளி ஒளியும் மற்றது பொன்னொளியும் உடையன. அவ்வொளியை ஃபெயனோர் என்னும் கைவினைஞன் மூன்று மணிகளுள் அடைத்தான். சில்மரில் என்பது அம்மணிகளின் பெயர். தீயோனாகிய மோர்கொத் மரங்களை அழித்து மணிகளைக் கவர்ந்தான். அவற்றை வேறு எவர் வைத்திருந்தாலும் பகைப்போம் என ஃபெயனோரும் அவன் மைந்தர் எழுவரும் சூளுரைத்தனர். அச்சூளே பேரழிவுக்கு வித்தாயிற்று. மோர்கொத்தின் முடியிலிருந்து மீட்கப்பட்ட மணியொன்று, வழிவழியாக எல்விங் என்பவளிடம் வந்து சேர்ந்தது. அவள் கணவனே எயாரெண்டில்.

எயாரெண்டில் மனிதத் தந்தைக்கும், எல்வ் என்னும் சாவா இனத்துத் தாய்க்கும் பிறந்தவன். இரு குலங்களும் மோர்கொத்தின் கையில் அழிந்துகொண்டிருக்க, மேற்றிசைக் கடலுக்கப்பால் வாழும் தேவரிடம் உதவி வேண்ட எண்ணி அவன் மரக்கலம் ஏறினான். வழி கிட்டவில்லை. அவன் இல்லாத வேளையில் ஃபெயனோரின் மைந்தர் அவன் குடியிருப்பைத் தாக்கினர். எல்விங் மணியோடு கடலிற் பாய்ந்தாள். கடற்றேவன் அவளை வெண்பறவையாக்கிக் கணவனின் கலத்துக்கு அனுப்பினான். சிறு மைந்தர் இருவரும் பகைவர் கையில் அகப்பட்டிருந்தனர். அவர்களை மீட்கத் திரும்புவதா, மேற்கே செல்வதா என்ற நிலையில், கணவனும் மனைவியும் மேற்கே சென்றனர். நெற்றியிற் கட்டிய மணியின் ஒளியே அடைபட்ட வழியைத் திறந்தது.

தேவர் அவன் வேண்டுகோளுக்கு இரங்கினர். ஆயினும் அந்நிலத்தில் அடிவைத்தவர் மீண்டும் நடுவுலகு புகுதல் கூடாது என்பது நெறி. ஆகவே அவன் கலம் புனிதமாக்கப்பட்டு வானில் ஏற்றப்பட்டது. மணியைத் தாங்கி அவன் என்றென்றும் விண்ணில் உலாவுகின்றான். முதல்நாள் அவ்வொளி தோன்றியபோது, அஃது யாதென அறியாத மக்கள் அதனைப் பெருநம்பிக்கையின் விண்மீன் என அழைத்தனர். அவன் கரிய பறவைநாகம் ஒன்றைக் கொன்ற வீரச்செயலும் உண்டு. ஆனால் ஆசிரியரே அதனைச் சில வரிகளில் முடித்துவிட்டார். கதையின் பாரம் வேறிடத்தில் இருக்கின்றது. எவருக்காகத் தூது சென்றானோ அவர்கள் நடுவே வாழும் பேறு அவனுக்கு இல்லை. மண்ணிலுள்ளோர் அவனை ஒளியாகவே காண்கின்றனர், முகம் காண்பதில்லை. எல்விங் மட்டும் கடலோரக் கோபுரத்தில் இருந்து, கலம் அணுகும் வேளையில் சிறகு விரித்து எதிர்சென்று வரவேற்கின்றாள்.

இவ்விண்மீன் அரும்பொருட் காட்சியாக நின்றுவிடவில்லை. 1954 - 55ஆம் ஆண்டுகளில் வெளியான 'மோதிரங்களின் தலைவன்' என்ற பெருநூலில், கலாட்ரியல் என்னும் அரசி அதன் ஒளியைத் தன் ஊற்றுநீரிற் பிடித்து, சிறு பளிங்குக் குப்பியில் அடைத்து, ஃபுரோடோ என்ற எளியவனுக்கு அளிக்கின்றாள். மரத்திலிருந்து மணிக்கும், மணியிலிருந்து வானுக்கும், வானிலிருந்து நீருக்கும் வந்த ஒளி அது. தோழனாகிய சாம், பழங்கதைகளை நினைவுகூருகையில், அக்குப்பியின் வாயிலாகத் தாமும் அதே கதைக்குள் இன்னும் நடந்துகொண்டிருப்பதைத் திடீரென உணர்கின்றான்.

கற்பனைப் பெயர் மெய்யான வானத்துக்கும் சென்றுவிட்டது. 2022 மார்ச்சில், ஹபிள் தொலைநோக்கி வழியே அறியப்பட்ட மிகத் தொலைவான ஒளிப்புள்ளி ஒன்றுக்கு வானியலார் எயாரெண்டெல் எனப் பெயரிட்டனர். அதன் ஒளி இங்கு வந்துசேர ஏறத்தாழ 1,290 கோடி ஆண்டுகள் பிடித்தன. அது தனி விண்மீனா, விண்மீன் கூட்டமா என்ற ஐயம் பின்னர் எழுந்துள்ளது.

பெருநூலின் இறுதிப் பகுதியில் வேறொரு காட்சி உண்டு. நீரும் உணவும் அற்ற பகைவர் நாட்டில், களைத்த ஃபுரோடோ உறங்க, சாம் காவல் இருக்கின்றான். மலைமுகட்டுக்கு மேலே முகில் சற்று விலக, ஒரு வெண்மீன் மின்னுகின்றது. அதன் பெயரை ஆசிரியர் சொல்லவில்லை. சொல்லாமல் விட்டதே நன்று. இருள் எத்துணைப் பெரிதாயினும் தன் கைக்கு எட்டாத அழகொன்று மேலே இருப்பதைக் கண்ட சாம், தன் கதியைப் பற்றியோ தலைவன் கதியைப் பற்றியோ அப்போது கவலுறவில்லை. காவலையும் மறந்து, ஃபுரோடோவின் அருகிற் படுத்து ஆழ்ந்து உறங்கிவிட்டான்.