சிகிரியாக் குன்றில் ஒலித்த மேனாட்டுப் பாட்டு

மாத்தளை மாவட்டத்தின் வடபாகத்திலே, காட்டின் நடுவே தனித்தெழுந்து நிற்கும் சிகிரியாக் குன்றை அறியாத மாணவர் நம் நாட்டில் இரார். தந்தையைக் கொன்று அரசுகட்டில் ஏறிய காசியப்பன் 477ஆம் ஆண்டு முதல் 495ஆம் ஆண்டு வரை அதன் உச்சியிலே அரண்மனை அமைத்து ஆண்டமை சரித்திரப் புத்தகங்களில் உள்ளது. ஆயின், அதே உச்சியிலே 1982ஆம் ஆண்டு ஏப்ரல் மாதத்தில் ஆங்கில வாத்தியக் கோஷ்டியொன்று நின்று பாட்டுக்கு நடித்தமையும், அக்காட்சி கடல் கடந்து இலட்சக்கணக்கான வீடுகளுக்குள் புகுந்தமையும் பலர் அறியாத செய்தி. அதனை இவ்வாரம் சொல்லப் புகுந்தோம். சொல்லப் புகுமிடத்து, அக்குன்றைச் சூழ்ந்த காட்டைப் பற்றியும், அக்காட்டு வழியே நடந்து வந்த நம்மவர் பாடிய பாட்டுகளைப் பற்றியும் சொல்லாமல் விட இயலவில்லை.

அக்கோஷ்டியின் பெயர் டுரான் டுரான். இங்கிலாந்தின் பேர்மிங்ஹாம் நகரிலே 1978ஆம் ஆண்டு தோன்றியது. 1968ஆம் ஆண்டு வெளிவந்த 'பார்பரெல்லா' என்னும் சினிமாப் படத்தில் வரும் ஒரு பாத்திரத்தின் பெயரைத் தமக்குச் சூட்டிக்கொண்டனர். பாடியவர் சைமன் லெ பொன்; சுரக்கட்டைக் கருவிகளை இயக்கியவர் நிக் றோட்ஸ்; மற்றைய மூவரும் டெய்லர் என்னும் பெயருடையோர். ஒரே பெயருடைய இம்மூவரும் உறவினர் அல்லர் என்பது வேடிக்கை. இவர்களுடைய 'றியோ' என்னும் இசைத்தட்டு 1982ஆம் ஆண்டு மே மாதத்தில் வெளியாயிற்று. அதிலுள்ள மூன்று பாட்டுகளுக்குப் படம் எடுக்கவே இலங்கைக்கு வந்தனர்.

பாட்டுக்குப் படம் எதற்கு என்று கேட்போர் உளராயின், காலத்தின் மாறுதலை அவர்கள் கருத வேண்டும். வானொலிக் காலத்திலே இசைத்தட்டு ஒன்றே போதுமானது. அமெரிக்காவிலே 1981ஆம் ஆண்டு ஆகஸ்ட் முதலாந் தேதி, இரவும் பகலும் பாட்டுப் படங்களையே காட்டும் எம். ரி. வி. என்னும் தொலைக்காட்சி நிலையம் தொடங்கப்பெற்றது. அது முதன்முதல் ஒளிபரப்பிய படத்தை இயக்கியவர் அவுஸ்திரேலியரான றசல் மல்கேஹி. சிகிரியாவுக்குப் படக்கருவியோடு வந்தவரும் அவரே. நம் நாட்டின் ரூபவாஹினி அவ்வாண்டு பெப்ரவரி 15ஆந் தேதிதான் தொடங்கியது. இரண்டு மாதக் குழந்தை.

குன்றின் உச்சியிலே எடுக்கப்பெற்ற பாட்டு 'சேவ் எ பிரேயர்' என்பது. ஓரிரவுச் சந்திப்பைப் பற்றியது. குடும்பப் பத்திரிகையிலே அதன் பொருளை மேலும் விரித்தல் வேண்டா. பாட்டின் மெட்டோ மெல்லியது, சோகம் கலந்தது. வானிலிருந்து நோக்கும் படக்கருவிக்குக் கீழே குன்றும், அதன்மேல் நிற்கும் சிறு உருவங்களும் தெரிகின்றன. பின்னர் பொலன்னறுவையின் இடிபாடுகளும் தென்கடற்கரையும் தோன்றுகின்றன. கிற்றார் வாசித்த அன்டி டெய்லர் படப்பிடிப்பின்போது நீரை விழுங்கி நோயுற்று, ஊர் திரும்பியபின் வைத்தியசாலையில் கிடந்தார். அந்தப் பாட்டு பிரித்தானிய விற்பனைப் பட்டியலிலே இரண்டாம் இடத்தைப் பெற்றது. இலங்கையில் எடுத்த மற்றொரு படம் 1984ஆம் ஆண்டு அமெரிக்காவின் கிராமி பரிசை வென்றது. சிகிரியா உலக மரபுரிமைத் தலமாக யுனெஸ்கோவினால் ஏற்கப்பெற்றதும் 1982ஆம் ஆண்டிலேதான். இரண்டிற்கும் தொடர்பில்லை, காலம் மட்டும் ஒத்தது.

குன்றின் பாதி உயரத்திலே கண்ணாடிச் சுவர் என ஒன்று உண்டு. எட்டாம் நூற்றாண்டு முதல் பத்தாம் நூற்றாண்டு வரை அங்கு வந்தோர், சுவரோவியத்து மங்கையரைக் கண்டு வியந்து, அச்சுவரிலே கவிதைகளைக் கீறிச் சென்றனர். அவற்றுள் 685 கவிதைகளைப் பேராசிரியர் பரணவிதான படித்து 1956ஆம் ஆண்டு நூலாக வெளியிட்டார். எழுதியவர் பலர் தம் பெயரையும் ஊரையும் குறித்துச் சென்றுள்ளனர். காதலைப் பாடியவர்கள்தாம் அவர்களும். எனினும் எதைக் கண்டு பாடினர் என்பதை மறைக்கவில்லை. ஆங்கிலக் கோஷ்டியின் பாட்டிலோ சிகிரியாவின் பெயர் இல்லை, நாட்டின் பெயரும் இல்லை. குன்று ஓர் அழகிய திரைச்சீலையாகத் தொங்கவிடப்பட்டது என்பதே நம் எண்ணம். அதற்காக அவ்வாலிபரைக் கடிந்து பயனில்லை. அவர்கள் பாட்டின் பூர்வீகத்தை ஆராய்ந்தால், நமக்கு மிக நெருங்கிய ஒரு கதை அங்கே கிடைக்கிறது.

டுரான் டுரான் கோஷ்டியினர் சிந்தசைசர் முதலிய மின்கருவிகளை விரும்பியவர்கள். 'ரிதம் அன்ட் புளூஸ்' வாசித்தவர்கள் அல்லர். ஆயினும் அவர்களுடைய பேர்மிங்ஹாம் நகரிலே, அவர்களுக்கு முந்திய தலைமுறையில், ஸ்பென்சர் டேவிஸ் குழுவும் மூடி புளூஸ் குழுவும் அவ்விசையைக் கொண்டே புகழெய்தின. லண்டனிலே றோலிங் ஸ்ரோன்ஸ், நியூகாசிலிலே அனிமல்ஸ் என ஊர்தோறும் கோஷ்டிகள் எழுந்தன. 1961ஆம் ஆண்டு டார்ட்பர்ட் என்னும் ஊரின் புகையிரத நிலையத்திலே இரண்டு வாலிபர் சந்தித்தனர். ஒருவர் கையில் அமெரிக்காவிலிருந்து தருவித்த இசைத்தட்டுகள் இருந்தன. அவற்றைக் கண்டு மற்றவர் பேச்சுக் கொடுத்தார். மிக் ஜாகரும் கீத் றிச்சட்சும் அவ்வாறு சேர்ந்ததன் பயனே றோலிங் ஸ்ரோன்ஸ். மடி வோட்டர்ஸ் என்னும் கறுப்பினப் பாடகரின் இசைத்தட்டும் அன்று அவர் கையிலே இருந்தது. கோஷ்டியின் பெயரும் அப்பாடகரின் பாட்டொன்றிலிருந்து எடுக்கப்பெற்றதே.

யார் இந்த மடி வோட்டர்ஸ்? மிசிசிப்பி மாநிலத்துப் பருத்தித் தோட்டமொன்றிலே டிராக்டர் ஓட்டியவர். அடிமைத்தளை 1865ஆம் ஆண்டு ஒழிந்த பின்னரும் அம்மக்கள் நிலக்காரனின் கடனிலிருந்து மீளவில்லை. விளைச்சலிலே பங்கு, தோட்டக் கடையிலே கடன், கணக்குப் பார்க்கும் நாளிலே மிச்சம் ஒன்றுமில்லை. அந்த வாழ்க்கையிலே பிறந்ததே புளூஸ் பாட்டு. முதலடியை ஒருமுறை பாடி, அதையே மறுபடியும் பாடி, மூன்றாமடியிலே விடை சொல்லும் எளிய அமைப்பு. குரல் ஒன்று கேட்கும், கிற்றார் பதில் சொல்லும். 1941ஆம் ஆண்டு, அமெரிக்கக் காங்கிரஸ் நூலகத்தின் சார்பிலே அலன் லோமாக்ஸ் என்பவர் பதிவுக்கருவியைக் காரிலே ஏற்றிக்கொண்டு அத்தோட்டத்துக்கே சென்று, அவர் பாட்டைப் பதிவு செய்தார். பின்னர் இசைத்தட்டுப் பிரதிகளும் இருபது டொலர் பணமும் அனுப்பப்பெற்றன. தம் குரலைத் தாமே கேட்ட அம்மனிதர், 1943ஆம் ஆண்டு தோட்டத்தை விட்டுச் சிக்காகோவுக்குப் புறப்பட்டார். மற்றவை உலகறிந்தவை.

இப்பொழுது மீண்டும் சிகிரியாவின் உச்சிக்கு ஏறுவோம். நாற்புறமும் காடு. மேற்கே தம்புள்ளையினூடாக வடக்கிலிருந்து மாத்தளைக்கு வரும் பாதை. கடந்த நூற்றாண்டுக்கு முந்திய நூற்றாண்டிலே, கோப்பித் தோட்டங்களுக்கென்று தமிழகத்துக் கிராமங்களிலிருந்து அழைக்கப்பெற்றோர், மன்னார்க் கரையில் இறங்கி, நூறு மைலுக்கும் மேற்பட்ட அந்த வழியைக் கால்நடையாகக் கடந்தனர். வாந்திபேதியாலும் பசியாலும் வழியிலேயே மாண்டவர் பலர். மிஞ்சியோர் முதலில் அடைந்த மலைநாட்டு ஊர் மாத்தளை. அங்கே அவர்கள் வணங்கிய அம்மனே இன்று முத்துமாரியம்மனாகக் கோயில் கொண்டுள்ளாள். மாத்தளைக்குப் புகையிரதம் வந்தது 1880ஆம் ஆண்டு. அதற்கு முன் நடந்தவர்களுக்கு அது உதவவில்லை. ஆங்கில வாலிபர் வானூர்தியின் உதவியோடு படம்பிடித்த காடு, நம் பாட்டன் பாட்டிமாருக்குச் சுடுகாடும் வழியுமாக இருந்தது.

இவர்களும் பாடினர். கங்காணியின் கொடுமை, துரையின் அதட்டல், தீராத கடன், விட்டுவந்த ஊர், வழியிலே இழந்த பிள்ளை ஆகியன தெம்மாங்காயும் தாலாட்டாயும் ஒப்பாரியாயும் வெளிப்பட்டன. ஒருத்தி எடுத்துக் கொடுக்க மற்றவர்கள் வாங்கிப் பாடுவர். விடியுமுன்னே லயத்து வாசலில் தப்பு முழங்கிப் பெரட்டுக்கு அழைக்கும். மாசியிலே அதே தப்பு காமன் கூத்துக்கு அடிபோடும். ஒரே தோல், இரு வேறு சொல். பருத்தித் தோட்டத்துப் பாட்டோடு வைத்து ஒப்பிட்டால், பொருளிலே பெரும் வேற்றுமை நாம் காணவில்லை.

வேற்றுமை பதிவிலே உண்டானது. 1964ஆம் ஆண்டு ஜூன் மாதம் றோலிங் ஸ்ரோன்ஸ் கோஷ்டியினர், மடி வோட்டர்ஸ் பதிவு செய்த அதே சிக்காகோ நிலையத்திலே தாமும் பதிவு செய்ய விரும்பிச் சென்றனர். அதே ஆண்டு ஒக்டோபர் 30ஆந் தேதி சிறீமா – சாஸ்திரி ஒப்பந்தம் கைச்சாத்தாயிற்று. 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என எண்ணிக்கை வகுக்கப்பெற்றது. பாடத் தெரிந்த பாட்டிமார் எத்தனை பேர் இராமானுஜம் கப்பலிலே ஏறிச் சென்றனர் என்று கணக்கெடுத்தவர் எவருமில்லை. 1983ஆம் ஆண்டுக் கலவரத்திலே மாத்தளை முத்துமாரியம்மன் தேர்கள் தீக்கிரையாயின. தேர்களைப் புதிதாகச் செய்ய முடிந்தது. பாட்டை அவ்வாறு செய்ய முடியாது.

மலைநாட்டின் எழுத்தாளர் சி. வி. வேலுப்பிள்ளை, தோட்டத்துப் பாட்டுகளைத் தேடித் தொகுத்து அச்சேற்றிய பேருபகாரம் மறக்கற்பாலதன்று. ஆயினும் அச்சில் ஏறுவது சொல் மட்டுமே. எந்த இடத்திலே குரல் தழுதழுத்தது, எந்தச் சொல்லிலே கும்மித் தட்டு விழுந்தது என்பவை தாளில் நில்லா.

றத்தோட்டை, உக்குவளைப் பக்கங்களிலே உறவினர் உள்ள மாணவர் எவரேனும் இதனைப் படிக்க நேர்ந்தால், அவருக்கு ஒன்று சொல்வோம். லோமாக்ஸின் பதிவுக்கருவி காரின் பின்பாகத்தை நிறைத்தது. உங்கள் சட்டைப் பையிலுள்ள கைத்தொலைபேசி அதனினும் நன்றாகப் பதியும். பாட்டியிடம் "பாடுங்கள்" என்று கேட்டால் வெட்கப்படுவார். தாலாட்டைக் கேளுங்கள், அது எளிதில் வரும். தாத்தாவிடம் பெரட்டுத் தப்பு எப்படி அடிப்பார்கள் என்று கேளுங்கள். வாயாற் சொல்லாமல் மேசையிலே விரலால் தட்டிக் காட்டுவார். முதலில் பாடுபவரின் பெயர், தோட்டத்தின் பெயர், தேதி ஆகியவற்றை அவர் வாயாலேயே சொல்லச் செய்து பதிவைத் தொடங்குங்கள்.