ஒரு தட்டு மேகம்

அன்று காலை நான் பதுளை ஸ்டேஷனுக்குப் போனது ஒரு ரிஜிபோம் பெட்டியை வாங்கிவர. கொழும்பில் வேலை செய்யும் என் பழைய மாணவன் ஒருவன், கோட்டையில் இரவு மெயில் ஏறி அதைக் காலடியில் வைத்துக் காத்துக்கொண்டு வந்திருந்தான். உள்ளே கடதாசியில் சுற்றிய உலர்பனி. திண்மமாக உறைந்த காபனீரொட்சைட்டைத்தான் அப்படிச் சொல்கிறோம். அதன் குளிர் பூச்சியத்துக்குக் கீழே 78 பாகை. ஐந்து கிலோ வாங்கியிருக்கிறான். பதுளைக்கு வந்து சேர்ந்தது மூன்று கிலோ. மூடியை இறுக்கி ஒட்டாதே, வாயு வெளியேற வழி விடு, ஜன்னலோரம் உட்கார் என்று போனில் நாலு தரம் சொல்லியிருந்தேன். அடைத்து வைத்தால் பெட்டி வெடித்துவிடும்.

உயர்தர வகுப்பில் பௌதிகவியல் படிப்பிக்கிறேன். அணுவின் உள்ளே இருக்கும் துணிக்கைகளைப் பற்றிய பாடம் வரும்போதெல்லாம் பிள்ளைகள் பெயர்களை எழுதிக்கொண்டு மனப்பாடம் செய்வார்கள். நானும் அப்படித்தான் படித்தேன். கண்ணால் பார்க்காததை நம்பச் சொல்வது எனக்குப் பிடிக்கவில்லை. அதனால்தான் இந்தப் பெட்டி.

பழைய கண்ணாடி மீன்தொட்டி ஒன்று. அதன் அடியில் கம்பளித் துண்டை ஒட்டி, பாமசியில் வாங்கிய ஐசோபுரொப்பைல் அற்ககோலால் நனைத்தோம். தொட்டியைக் கவிழ்த்து, கறுப்பு வர்ணம் பூசிய அலுமினியத் தட்டின் மேல் வைத்து, விளிம்பை அடைத்தோம். தட்டுக்குக் கீழே, தடித்த கையுறை போட்டுக்கொண்டு, உலர்பனியைப் பரப்பினோம். மேலே அற்ககோல் ஆவியாகிறது. கீழே வரவரக் குளிர்ந்து, துளியாக மாறத் துடிக்கிறது, ஆனால் பற்றிக்கொள்ள ஒன்றும் இல்லை. திரைச்சீலைகளை மூடிவிட்டு, போன் டோர்ச்சைப் பக்கவாட்டில் பிடித்துக்கொண்டு காத்திருந்தோம்.

கால் மணித்தியாலம் ஒன்றும் இல்லை. பிறகு தட்டை ஒட்டினாற்போல் மெல்லிய தூறல். அதற்குள் திடீரென்று ஒரு வெள்ளை நூல், அடிமட்டம் வைத்துக் கீறியதுபோல். ஒரு செக்கன் நின்று கலைந்தது. இன்னொன்று. பிறகு குட்டையாய், தடியாய் ஒன்று. பிறகு நெளிந்து சுருண்ட ஒன்று.

"சேர், நம்ம மலையில மிஸ்ட் இறங்குற மாதிரியே இருக்கு" என்றாள் முன்வரிசையில் நின்ற பிள்ளை.

அவள் சொன்னது அறிவியல் வரலாற்றிலும் உண்மை. 1894 செப்டெம்பரில், ஸ்கொட்லாந்தின் பென் நெவிஸ் மலையுச்சியில் இருந்த வானிலை நிலையத்தில் சார்ள்ஸ் வில்சன் என்ற இளைஞர் சில நாட்கள் தங்கி வேலை பார்த்தார். கீழே முகில், முதுகுக்குப் பின்னே சூரியன். முகிலில் விழுந்த நிழலைச் சுற்றி வண்ண வளையம். இதல்கஸ்ஸின்னயில் ரயில் பாதையோரம் நின்று நானும் அந்த வளையத்தைப் பார்த்திருக்கிறேன். வில்சன் அதை ஆய்வுகூடத்தில் உண்டாக்கிப் பார்க்க ஆசைப்பட்டு, ஈரக்காற்றைக் கண்ணாடிப் பாத்திரத்தில் சட்டென்று விரியவிட்டு மேகம் செய்தார். தூசியே இல்லாத காற்றிலும் துளிகள் தோன்றின. ஏற்றம் கொண்ட அயன்களைப் பிடித்துக்கொண்டு அவை உருவாகின்றன என்று கண்டார். 1911இல் அதே மேகத்தில் துணிக்கைகளின் தடத்தைப் படம் பிடித்தார். 1927இல் நோபல் பரிசு. மிஸ்ட்டைப் பார்த்து வியந்தவரிடமிருந்து தொடங்கியது இந்தக் கருவி.

தட்டில் தெரிந்த குட்டைத் தடங்கள் பெரும்பாலும் அல்பா துணிக்கைகள். காற்றில் இயற்கையாகவே கலந்திருக்கும் ரேடன் வாயுவிலிருந்து வருபவை. நெளிந்தவை வேகம் குறைந்த இலத்திரன்கள். நீண்டு நேராய் ஓடியவற்றில் பல மியூவன்கள். இந்த மியூவனைத்தான் பிள்ளைகளுக்குக் காட்ட வேண்டும் என்று எனக்குப் பல வருட ஆசை.

விண்வெளியிலிருந்து வரும் புரோத்தன்கள் வளிமண்டலத்தின் உயரத்தில் நைதரசன், ஒட்சிசன் அணுக்களின் கருவில் மோதுகின்றன. மோதலில் பயோன்கள் பிறக்கின்றன. அவை கணத்தில் சிதைந்து மியூவன்களாகின்றன. இதெல்லாம் நடப்பது சுமார் 15 கிலோமீற்றர் உயரத்தில். மியூவன் இலத்திரனின் உறவுக்காரன். அதே ஏற்றம், ஆனால் 207 மடங்கு திணிவு. உள்ளங்கையை விரித்துப் பிடித்தால் செக்கனுக்கு ஒன்று என்ற அளவில் அதை ஊடுருவிப் போகிறது.

இதை ஒருமுறை அம்மாவிடம் சொன்னேன். பசறைப் பக்கத்துத் தோட்டம் ஒன்றில் முப்பது வருடத்துக்கு மேல் கொழுந்து பறித்தவர். லயத்தின் கூரைத் தகரத்தை அண்ணாந்து பார்த்துவிட்டு, "தகரத்தத் தொளைச்சிட்டு வருதுன்னா ஓட்டை எங்கடா?" என்று கேட்டார்.

பௌதிகவியலில் யாரும் கேட்கக்கூடிய மிக நல்ல கேள்விகளில் அது ஒன்று. தகரம் நமக்குத்தான் கெட்டி. அதன் அணு ஒவ்வொன்றும் கிட்டத்தட்ட வெற்றிடம். நடுவில் இருக்கும் கரு, அணுவின் அகலத்தில் பத்தாயிரத்தில் ஒரு பங்குகூட இல்லை. கருவைக் கட்டிவைத்திருக்கும் வல்விசை மியூவனைத் தொடுவதில்லை. போகிற வழியில் சில இலத்திரன்களை இடித்துத் தள்ளி, கொஞ்சம் சக்தியை இழந்து, அது போய்க்கொண்டே இருக்கிறது. ஓட்டை விழுவதில்லை. இடிபட்ட அணுக்கள் அயன்களாகின்றன. எங்கள் தட்டில் அற்ககோல் பற்றிக்கொண்டு வெள்ளை நூலாய்த் தெரிந்தது அந்த அயன்களின் வரிசைதான்.

ஆனால் மியூவன் இங்கே வந்து சேர்வதே ஓர் அதிசயம். அதன் சராசரி ஆயுள் 2.2 மைக்ரோ செக்கன். ஒளியின் வேகத்தில் ஓடினாலும் அந்த நேரத்தில் 660 மீற்றர்தான் போகலாம். எங்கள் பிள்ளைகளுக்கு நான் கொடுக்கும் கணக்கு இது. நமுனுகுல மலையுச்சி 2000 மீற்றருக்குச் சற்று மேல். பதுளை நகரம் 700 மீற்றருக்குச் சற்றுக் கீழே. இடையில் 1300 மீற்றர், ஏறத்தாழ இரண்டு ஆயுட்காலம். உச்சியில் நூறு மியூவனைக் கண்டால் பதுளையில் எத்தனை மிஞ்ச வேண்டும்? பதினான்கு என்று விடை வரும். உண்மையில் அதைவிட மிக அதிகம் மிஞ்சும்.

இதைப் போன்ற ஓர் அளவீடு 1962இல் அமெரிக்காவின் வொஷிங்டன் மலையில் நடந்தது. அதன் உயரம் 1900 மீற்றர் அளவில், நமுனுகுலவைவிடக் கொஞ்சம் குறைவு. உச்சியில் மணித்தியாலத்துக்கு ஏறத்தாழ 560 மியூவன்களை எண்ணினார்கள். கடல் மட்டத்தில் 27தான் வர வேண்டும். வந்தவை 400க்கு மேல். வேகமாக ஓடும் துணிக்கைக்கு நேரம் மெதுவாக நகர்கிறது என்ற ஐன்ஸ்டைனின் கூற்றைத் தவிர இதற்கு வேறு விளக்கம் இல்லை. இதைச் சோதிக்க, எண்ணும் கருவியோடு ஒரு மலையும் அடிவாரமும் மணிக்கூடும் போதும்.

குவார்க்குகளையும் இதே பாடத்தில் சொல்லிவிடுகிறேன், கணக்காக. மேல் குவார்க்கின் ஏற்றம் மூன்றில் இரண்டு. கீழ் குவார்க்கினது மறை மூன்றில் ஒன்று. இரண்டு மேல், ஒரு கீழ் சேர்ந்தால் ஒன்று, அது புரோத்தன். ஒரு மேல், இரண்டு கீழ் சேர்ந்தால் பூச்சியம், அது நியூத்திரன். குவார்க்கில் ஆறு வகை, இலத்திரன் குடும்பத்தில் ஆறு, விசைகளைச் சுமப்பவை சில, 2012இல் ஜெனீவா அருகே 27 கிலோமீற்றர் துணிக்கை மோதல் வளையத்தில் கண்ட ஹிக்ஸ் துணிக்கை. பட்டியல் இவ்வளவுதான்.

ஜெனீவா என்றதும் பிள்ளைகளின் முகம் சோர்ந்துவிடும்; அது எட்டாத இடம். அப்போது டார்ஜிலிங்கைப் பற்றிச் சொல்வேன். அதுவும் தேயிலை மலை. அங்கும் அதற்கு மேலே சந்தக்ஃபூவிலும், கொல்கத்தாவின் போஸ் நிறுவனத்தைச் சேர்ந்த தேவேந்திர மோகன் போஸும் பிபா சௌதுரி என்ற இளம்பெண்ணும் புகைப்படத் தகடுகளை மாதக் கணக்கில் வைத்து, விண்கதிர்த் தடங்களை நுணுக்குக்காட்டியில் அளந்தார்கள். இலத்திரனைப்போல் ஏறத்தாழ 200 மடங்கு திணிவுள்ள துணிக்கைகளின் தடங்கள் கிடைத்தன. 1940களின் தொடக்கத்தில் நேச்சர் இதழில் வெளியிட்டார்கள். போர்க்காலம், அளவைத் துல்லியமாக்கத் தேவையான நல்ல தகடுகள் கிடைக்கவில்லை. அதே முறையை மேம்பட்ட தகடுகளில் செய்து 1947இல் பயோனைக் கண்ட குழுவின் தலைவர் செசில் பவலுக்கு 1950இல் நோபல் கிடைத்தது. பிபாவின் பெயரை நீண்ட காலம் யாரும் சொல்லவில்லை. அது அநியாயம் என்றே நான் வகுப்பில் சொல்கிறேன்.

கோலார் தங்கவயலையும் சொல்லாமல் விடமாட்டேன். எங்கள் மூதாதையர் கடல் தாண்டி இந்த மலைகளில் ஏறிய காலத்தில், இன்னொரு கூட்டம் தமிழர் வட ஆற்காட்டிலிருந்து கோலாரின் சுரங்கத்துக்குள் இறங்கியது. 1965இல் அந்தச் சுரங்கத்தில், 2 கிலோமீற்றருக்கும் அதிகமான ஆழத்தில், இலத்திரன் குடும்பத்தைச் சேர்ந்த, வளிமண்டலத்தில் பிறந்து பாறையையும் ஊடுருவி வரும் நியூத்திரினோக்களின் அடையாளத்தை இந்திய, ஜப்பானிய, பிரித்தானிய விஞ்ஞானிகள் கண்டார்கள். அதே ஆண்டு தென்னாபிரிக்கச் சுரங்கம் ஒன்றிலும் கண்டார்கள்; உலகில் அவைதான் முதல். மேலே உள்ள பாறை மியூவன்களை ஏறக்குறைய முழுவதும் தடுத்துவிட்டதால்தான் அது முடிந்தது.

எங்கள் பக்கத்துத் தமிழ்ப் பாடசாலைகளில் உயர்தர விஞ்ஞானப் பிரிவு உள்ளவை கொஞ்சம். நான் படித்த இடத்தில் ஒரு வருடம் முழுக்கப் பௌதிகவியலுக்கு ஆசிரியர் இல்லை. ஆய்வுகூடத்துக்குப் பூட்டு இருந்தது. அந்த வருடத்தை எனக்கு யாரும் திருப்பித் தரமுடியாது. இன்று படிக்கும் பிள்ளைகளின் வருடம் இன்னும் கையில் இருக்கிறது.

லுணுகலை, பசறை, ஹாலிஎல, அப்புத்தளைப் பக்கத்துப் பாடசாலைகளுக்கு இந்தத் தொட்டியைக் கொண்டுபோய்க் காட்ட நினைத்திருக்கிறேன். தட்டும் கம்பளியும் தயார். ஒரு தடவை காட்ட இரண்டு கிலோ உலர்பனி போதும். பதுளையில் அதுதான் கிடைப்பதில்லை. கொழும்பில் இருக்கும் ஊவாப் பிள்ளைகளே, அடுத்த தரம் இரவு மெயிலில் ஊருக்கு வரும்போது ஒரு பெட்டி கொண்டுவாருங்கள். மூடியை மட்டும் இறுக்கி ஒட்டாதீர்கள்.