முக்காலியில் வைத்த படம்

மலேசியாவின் கேமரன் மலையில், பிரிஞ்சாங் தாண்டி, திரிங்காப் வழியாகக் கம்போங் ராஜா போகும் சாலையில் இருக்கிறது கோலா தெர்லா. அந்தப் பக்கத்துத் தேயிலைத் தோட்டங்களில் அந்தக் காலத்தில் தலைவர் ஒருவர் கண்மூடினால் அது ஊர்ச்சாவு. படத்தை முக்காலியில் வைத்து விளக்கேற்றுவார்கள். மலையிலேயே விளைந்த செவ்வந்தியைக் கோத்துப் போடுவார்கள். ரேடியோ உள்ள வீட்டு வாசலில், தொழிலாளர் குடியிருப்பான லயமே கூடிவிடும்.

1979 மே 18-இல் மலேசிய இந்திய காங்கிரஸின் (ம.இ.கா.) முன்னாள் தலைவர் துன் வீ.தி. சம்பந்தன் மறைந்தார். அவருக்காகத் தோட்டத்து மக்கள் அழுததில் வெறும் பாசம் மட்டும் இல்லை. வெள்ளைக்காரர்களின் தோட்டங்கள் துண்டாடப்பட்டு விற்கப்பட்டபோது, பாட்டாளிகள் வேலையும் வீடும் இழந்து தெருவுக்கு வந்தார்கள். தோட்டம் தோட்டமாகப் போய், பத்துப் பத்து வெள்ளியாகச் சேர்க்கச் சொல்லி, 1960-இல் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கியவர் அவர். மரம் சீவியவர்கள் தோட்டத்துக்கே பங்குதாரர் ஆனார்கள். துண்டாடப்பட்டவை பெரும்பாலும் ரப்பர் தோட்டங்கள்தான். ஆனாலும் கூரை போய்விடும் என்ற பயம் தேயிலைக்காரனுக்கும் ஒன்றுதானே. தங்கள் காசைக் காப்பாற்றிய மனிதருக்காக அழுவதில் தனிக் கனம் உண்டு.

2022 செப்டம்பர் 15-இல் துன் சாமிவேலு மறைந்தார். முப்பது ஆண்டுக்கு மேல் ம.இ.கா.வை நடத்தியவர் அவர். அவரால் படித்து முன்னேறிய பிள்ளைகள் உண்மையாகவே கலங்கினார்கள். ம.இ.கா.வின் முதலீட்டு நிறுவனமான மைக்காவின் பங்குகளில் சேமிப்பைப் போட்டவர்களின் மனத்தாங்கலும் அன்று சேர்ந்தே பேசப்பட்டது. பேச்செல்லாம் வாட்ஸ்அப்பில். 1924 முதல் சாவுச் செய்தி சுமந்து வந்த 'தமிழ் நேசன்' நாளிதழ் 2019-லேயே நின்றுவிட்டது. 2025 ஏப்ரலில் முன்னாள் பிரதமர் அப்துல்லா படாவியின் இறுதி மரியாதையையும் பலர் கைப்பேசியில்தான் பார்த்தார்கள்.

கைப்பேசியை நான் குறை சொல்லமாட்டேன். கூடி அழ ஆள் இல்லை என்பதுதான் என் வருத்தம். இன்று கேமரன் மலையில் கொழுந்து வெட்டுபவர்களில் பெரும்பாலோர் வங்காளதேசம், நேப்பாளம், இந்தோனேசியாவிலிருந்து வந்தவர்கள். நம் பிள்ளைகள் ஈப்போவுக்கும் கோலாலம்பூருக்கும் இறங்கிவிட்டார்கள். முக்காலியில் படம் வைத்தால், அது யார் என்று சொல்ல லயத்தில் ஆள் வேண்டுமே.

உங்கள் வீட்டு இரும்புப் பெட்டியில் நிலநிதிச் சங்கத்தின் பழைய பங்குப் பத்திரம் இருந்தால், இந்த மே 18-இல் அதை எடுத்துப் பிள்ளைகளிடம் காட்டுங்கள். அந்தப் பத்து வெள்ளியைத் தாத்தா எப்படிக் கட்டினார் என்று சொல்லுங்கள்.