பூனைக்குப் படர்தாமரையா? லைம் சல்ஃபர் ஊற்றும் முன் இதைப் படிங்க!

பூனைக்கு வட்ட வட்டமா முடி கொட்டுதா? படர்தாமரையாக இருக்கலாம், உங்களுக்கும் தொற்றும். இதற்குக் கால்நடை மருத்துவர்கள் பரிந்துரைக்கும் மருந்துகளில் ஒன்று லைம் சல்ஃபர்.

அது என்ன?
சுண்ணாம்பையும் கந்தகத்தையும் தண்ணீரில் கொதிக்கவைத்தால் கிடைக்கும் மஞ்சள் திரவம். 1850-களிலேயே பிரான்ஸில் திராட்சைக் கொடியின் சாம்பல் நோய்க்குத் தெளித்தார்கள்.

செடி மருந்தையே பூனைக்கு ஊற்றலாமா?
கூடவே கூடாது. அடர் கரைசல் தோலை அரிக்கும். கண்ணில் பட்டால் பார்வையே போகலாம். வீட்டில் காய்ச்சினால் அடர்த்தி எவ்வளவு என்றே தெரியாது. விலங்குகளுக்கான மருந்தை, டாக்டர் சொன்ன அளவில் தண்ணீர் கலந்தே பயன்படுத்தணும். வழக்கமாக வாரம் 2 முறை.

எப்படி ஊற்றுவது?
* கையுறை, கண்ணாடி போடுங்க. ஜன்னலைத் திறந்து வையுங்க. வெள்ளி நகையைக் கழற்றிடுங்க, கறுத்துடும்.
* முடியின் அடிவரை நனையுங்க. முகத்துக்கு ஸ்பாஞ்ச் போதும்.
* அலசாதீங்க. காயும்வரை நக்காமல் இருக்க கழுத்துப் பட்டை போடுங்க.

அழுகிய முட்டை நாற்றமும் மஞ்சள் கறையும் சில நாளில் போயிடும்.

பெரிய ஆபத்து எது?
ஆசிட். பாத்ரூம் கழுவிய ஆசிட்டோடு இது கலந்தால் ஹைட்ரஜன் சல்ஃபைடு என்ற நச்சு வாயு கிளம்பும். மூடிய பாத்ரூமில் அது உயிரையே பறிக்கும்.