ஓரத்திலிருந்து நடுவுக்கு: ஐந்து உலகக் கோப்பை கண்ட குவார்தாதோ

2006 ஜூன் 24. ஜெர்மனியின் லைப்சிக் நகரில் மெக்சிகோவும் அர்ஜென்டினாவும் மோதிய கால்பந்து உலகக் கோப்பை நாக்-அவுட் ஆட்டம். அந்தப் போட்டித் தொடரில் அதுவரை ஒரு நிமிடம்கூட ஆடாத 19 வயதுப் பையனை மெக்சிகோ பயிற்சியாளர் ரிக்கார்தோ லா வோல்பே முதல் பதினொருவரில் இறக்கினார். இடம், இடது ஓரம். பெயர், ஆந்த்ரேஸ் குவார்தாதோ. கூடுதல் நேரத்தில் மாக்சி ரோட்ரிகஸ் அடித்த அபாரமான கோலால் மெக்சிகோ 2-1 என்று தோற்றது. அன்று அர்ஜென்டினாவுக்காகக் கடைசி நிமிடங்களில் மாற்று வீரராக வந்தவருக்கும் வயது 19தான். அன்றைக்குத்தான் அவருக்குப் பிறந்தநாள். அவர் லயோனல் மெஸ்ஸி.

பதினாறு ஆண்டுகள் கழித்து 2022 நவம்பர் 26 அன்று, கத்தாரின் லுசைல் மைதானத்தில் அதே இரு நாடுகள் மோதின. மெஸ்ஸியும் இருந்தார், குவார்தாதோவும் இருந்தார். ஆனால் குவார்தாதோ இப்போது நின்றது ஓரத்தில் அல்ல, ஆடுகளத்தின் நடுவில். அந்த இடமாற்றத்தைப் புரிந்துகொண்டால், இருபது ஆண்டுகள் அவர் எப்படித் தாக்குப்பிடித்தார் என்பதும் புரியும்.

ஐரோப்பாவில் ஏன் தங்கினார்?

1986 செப்டம்பரில் குவாதலஹாராவில் பிறந்த குவார்தாதோ, அதே ஊரின் அட்லஸ் கிளப்பில் 2005இல் முதல்தர ஆட்டத்துக்கு வந்தார். ரசிகர்கள் வைத்த செல்லப்பெயர் ‘எல் பிரின்சிபிதோ’, அதாவது குட்டி இளவரசன்.

மெக்சிகோ லீக்கில் சம்பளம் நன்றாகவே கிடைக்கும். கிளப்புகளும் நல்ல ஆட்டக்காரர்களை எளிதில் விடுவதில்லை; பெரிய விலை சொல்லும். அதனால் திறமைசாலிகள் பலர் ஊரிலேயே இருந்துவிடுவார்கள், அல்லது ஐரோப்பா போய் ஓரிரு ஆண்டில் திரும்பிவிடுவார்கள். 2007இல் ஸ்பெயினின் தெபோர்தீவோ லா கொருன்யாவுக்குப் போன குவார்தாதோ, 2024 தொடக்கம்வரை பதினாறு ஆண்டுகளுக்கும் மேலாக ஐரோப்பாவிலேயே ஆடினார்.

அந்தப் பாதை சுலபமாக இருக்கவில்லை. 2011இல் தெபோர்தீவோ இரண்டாம் பிரிவுக்குத் தள்ளப்பட்டது. உலகக் கோப்பை ஆடிய ஒருவர் அந்த நிலையில் வேறு கிளப் தேடுவது வழக்கம். அவரோ அங்கேயே இருந்து, அடுத்த ஆண்டே அணி இரண்டாம் பிரிவை வென்று மேலே ஏறக் கைகொடுத்துவிட்டுத்தான் வலென்சியாவுக்குப் போனார். வலென்சியாவில் சில காலம் இடது பின்காப்பாளராகக்கூட நிறுத்தப்பட்டார். 2014இல் ஜெர்மனியின் லெவர்குசனுக்கு இரவலாக அனுப்பினார்கள். 27 வயதில் நிலையான ஓர் இடம் இல்லாதவராக இருந்தார்.

நடுக்களத்துக்கு எப்படி வந்தார்?

திருப்பம் நெதர்லாந்தில் நிகழ்ந்தது. 2014இல் பி.எஸ்.வி. ஐந்தோவன் அணிக்கு வந்த குவார்தாதோவை, பயிற்சியாளர் பிலிப் கோகு நடுக்கள ஆட்டக்காரராக மாற்றினார். கோகுவே ஒரு காலத்தில் சிறந்த நடுக்கள ஆட்டக்காரர்.

ஓரத்தில் ஆடும் விங்கருக்கு ஒரு பக்கம் கோடு. ஆபத்து வந்தால் மறுபக்கத்திலிருந்துதான் வரும். பந்தை வாங்கி ஓட வேண்டும், எதிராளியைத் தாண்ட வேண்டும், கிராஸ் போட வேண்டும். அவருடைய மூலதனம் வேகம். நடுவில் நிற்பவருக்கோ நாலாபக்கமும் ஆள். பந்து காலுக்கு வருவதற்குள் கழுத்தைத் திருப்பி இருபுறமும் பார்த்து, அடுத்த பாஸ் யாருக்கு என்று முடிவெடுத்திருக்க வேண்டும். எப்போது ஆட்டத்தை முடுக்குவது, எப்போது மூச்சு வாங்கவிடுவது என்பதும் அவர் பொறுப்பு. கால் வேகம் வயதோடு குறையும். பார்வையோ ஆட ஆடக் கூர்மையாகும்.

பலன் உடனே தெரிந்தது. 2008க்குப் பிறகு லீக் பட்டம் பார்க்காத பி.எஸ்.வி., 2015, 2016 என்று அடுத்தடுத்து வென்றது. 2017இல் ஸ்பெயினின் செவில்லே நகர அணியான ரியல் பெட்டிஸுக்கு வந்தபோது 30 வயதைக் கடந்திருந்தவர், அங்கே ஆறு ஆண்டுகளுக்கும் மேல் ஆடினார். 2022இல் ஸ்பெயினின் கோபா தெல் ரே கோப்பை இறுதியாட்டத்தில் அவருடைய பழைய அணியான வலென்சியாவைப் பெனால்டியில் வீழ்த்தி, 2005க்குப் பின் பெட்டிஸ் மீண்டும் அந்தக் கோப்பையைத் தூக்கியது.

அட்லாண்டாவில் அந்தப் பெனால்டி

அவர் எப்படிப்பட்ட மனிதர் என்று காட்டும் ஓர் ஆட்டம் உண்டு. வட, மத்திய அமெரிக்க, கரீபிய நாடுகள் மோதும் கோல்டு கப்பின் 2015 அரையிறுதி, அட்லாண்டா. பத்துப் பேரோடு ஆடிய பனாமா 1-0 என்று முன்னிலையில் இருந்தது. ஆட்டம் முடியும் தறுவாயில், கீழே விழுந்த பனாமா வீரரின் கையில் பந்து பட்டதாக நடுவர் மெக்சிகோவுக்குப் பெனால்டி கொடுத்தார். மைதானத்தில் கைகலப்பு மூண்டது; ஆட்டம் நெடுநேரம் நின்றது. அத்தனை கூச்சலுக்கும் நடுவே காத்திருந்து குவார்தாதோ பெனால்டியை கோலாக்கினார். கூடுதல் நேரத்தில் இன்னொரு பெனால்டி; அதையும் அடித்தார். மெக்சிகோ வென்றது.

சர்ச்சைக்குரிய அந்தப் பெனால்டியை வேண்டுமென்றே வெளியே அடித்துவிடலாமா என்று ஒரு கணம் யோசித்ததாகப் பிறகு வெளிப்படையாகவே சொன்னார். வென்றவர் இப்படிப் பேசுவது அபூர்வம். தன் அணிக்குச் செய்ய வேண்டியதைச் செய்தார். எதிரணியின் வலியையும் மறைக்காமல் ஒப்புக்கொண்டார். இறுதியாட்டத்தில் ஜமைக்காவுக்கு எதிராக முதல் கோலை அடித்து, தொடரின் சிறந்த ஆட்டக்காரர் விருதையும் பெற்றார்.

எட்டாத ஐந்தாவது ஆட்டம்

மெக்சிகோ ரசிகர்கள் ‘எல் கின்டோ பார்த்தீதோ’ என்று ஏங்கிச் சொல்வார்கள். ஐந்தாவது ஆட்டம் என்று பொருள். முதல் சுற்றில் மூன்று, அடுத்த நாக்-அவுட் நான்காவது. அதை வென்றால்தான் ஐந்தாவதான காலிறுதி. 1994 முதல் 2018 வரை தொடர்ந்து ஏழு உலகக் கோப்பைகளில் மெக்சிகோ நான்காவது ஆட்டத்தோடு வெளியேறியது. அவற்றில் நான்கில் குவார்தாதோ இருந்தார்.

2018இல் மாஸ்கோவில் நடப்பு சாம்பியன் ஜெர்மனியை 1-0 என்று மெக்சிகோ சாய்த்த நாளில் அவர்தான் கேப்டன். 74ஆம் நிமிடத்தில் அவரை வெளியே அழைத்தபோது, உள்ளே வந்தவர் ஐந்தாவது உலகக் கோப்பை ஆட வந்த ரஃபேல் மார்க்கெஸ். குவார்தாதோ கேப்டன் பட்டையைக் கழற்றி மூத்தவரிடம் கொடுத்துவிட்டு வெளியேறினார்.

நான்கு ஆண்டுகளில் தானும் அந்த எண்ணிக்கையைத் தொட்டார். ஐந்து உலகக் கோப்பைகளில் களமிறங்கிய மிகச் சிலரில் ஒருவரானார். கிளாடியோ சுவாரெஸின் 177 ஆட்டங்களைத் தாண்டி, மெக்சிகோவுக்காக அதிக ஆட்டங்கள் ஆடியவரும் இவரே. 2024இல் நாடு திரும்பி லெயோன் அணியில் ஆடி, அங்கேயே ஓய்வு பெற்றார்.

லுசைலில் அன்று 42ஆம் நிமிடத்தில் காயத்தோடு அவர் வெளியே வந்தபோது ஆட்டம் 0-0. அடுத்த பாதியில் மெஸ்ஸி கோல் அடித்தார்; மெக்சிகோ 2-0 என்று தோற்றது. பிறகு முதல் சுற்றோடு தொடரிலிருந்தும் வெளியேறியது. அவருடைய உலகக் கோப்பைப் பயணம் தொடங்கிய எதிரணியிடமே முடிந்தது. முதலாவதற்கும் கடைசிக்கும் இடையே, வேகத்தை நம்பி வந்த ஒரு பையன் தன் ஆட்டத்தையே புதிதாகக் கற்றுக்கொண்டிருந்தான். ஐந்தாவது ஆட்டம் கிட்டவில்லை. ஐந்தாவது உலகக் கோப்பை கிட்டியது அந்தக் கற்றலால்தான்.